ஹரிபிரசாத் எடுத்த பேக்கப்

ஹரிபிரசாத் என்ன வேலை பார்க்கிறான் என்று அவன் அம்மா பவுனிடம் யாராவது கேட்டால், "நகல் எடுக்கற வேலைங்க" என்பாள். அதனால் மராத்தி பேசும் ஊரான நிக்டியில் அவர்கள் குடியிருக்கும் அடுக்குமாடி சொசைட்டியில் தமிழ் தெரிந்த இரண்டு மூன்று குடும்பங்கள், அவன் ஜெராக்ஸ் கடை வைத்திருப்பதாகவே ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தன. அவன் திருத்தவில்லை. யோசித்துப் பார்த்தால் அம்மா சொன்னதில் பொய்யும் இல்லை. ஹிஞ்சேவாடியில் ஒரு கண்ணாடிக் கட்டடத்தில் உட்கார்ந்துகொண்டு, கடல் கடந்த ஓர் இன்சூரன்ஸ் கம்பெனியின் விவரங்களையெல்லாம் தினம் தினம் பேக்கப் எடுத்து வைப்பதுதான் அவன் பிழைப்பு. எங்கோ ஒருவன் கைதவறி எதையோ அழித்துவிட்டால், "இந்தா, பிடி" என்று பழையபடி எடுத்து நீட்ட வேண்டியது இவன் பொறுப்பு.

அந்த வேலைக்கென்றே பிறந்தவன் மாதிரிதான் இருப்பான். வீட்டுச் சாவிக்கு மூன்று நகல். மழைக்காலத்தில் பையில் ஒரு குடை, ஆபீஸ் மேஜையில் இன்னொரு குடை. கல்யாண போட்டோக்கள் நான்கு இடத்தில் இருக்கின்றன. "எனக்கும் ஒரு ஸ்பேர் பாத்து வச்சிருப்பீங்களே" என்று அவன் மனைவி வைஷாலி அடிக்கடி கேட்பாள். அவள் பிம்ப்ரியில் பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண், வங்கியில் வேலை. அவன் சிரித்து மழுப்பிவிடுவான். இழப்பு என்பது சோம்பேறிகளுக்கு வருவது என்று உள்ளூர ஒரு நம்பிக்கை அவனுக்கு இருந்தது. அப்படி ஒரு கர்வம் இருக்கிறவர்களைத்தான் காலம் தேடி வந்து குட்டும்.

கம்பெனியில் அவனுக்குப் பெயர் வாங்கித் தந்தது ஒரு விதி. உலகத்துக் குப்பையெல்லாம் பேக்கப்பில் சேர்ந்து இடம் நிறைந்துபோய்க்கொண்டிருந்த சமயம் அது. ஹரிபிரசாத் ஒரு சின்ன புரோகிராம் எழுதினான். பெயரிலே டெம்ப் என்றோ கேஷ் என்றோ இருந்தால், அது கம்ப்யூட்டர் தன் வசதிக்குக் கிறுக்கி வைத்துக்கொண்ட காகிதம், அதைத் தொடாமல் தாண்டிப் போ என்பதுதான் அந்த விதி. பேக்கப் பாதியாக இளைத்தது. அவனுக்கு ஒரு கண்ணாடிக் கேடயம் கொடுத்தார்கள். அது ஹாலில் டிவிக்குப் பக்கத்தில் இருக்கிறது. புதிதாக வேலைக்குச் சேரும் பிள்ளைகளிடம் அவன் இன்னொன்றும் சொல்வான்: எடுத்து வைத்ததெல்லாம் பேக்கப் ஆகிவிடாது, திருப்பிப் போட்டு ஓட்டிப் பார்த்தால்தான் அது பேக்கப். ஊருக்குச் சொல்கிற உபதேசம் நல்ல உபதேசம்தான்.

அவன் அப்பா நாச்சிமுத்து கோயம்புத்தூர்ப் பக்கத்து ஃபவுண்டரியில் வேலை பழகியவர். கல்யாணமான புதிதில் பவுனைக் கூட்டிக்கொண்டு, நிக்டிக்குப் பக்கத்துத் தொழிற்பேட்டையான போசரிக்கு வந்தார். வந்த இடத்தில் ஒரே ஃபவுண்டரியில் உலைக்குப் பக்கத்திலேயே நின்று, சூப்பர்வைசராகி, தலை நரைத்து, ரிட்டையர் ஆனார். மராத்தியைக் கோயம்புத்தூர் ராகத்தில் பேசுவார். ரிட்டையர் ஆன மறுநாள் காலையில் சட்டையை மாட்டிக்கொண்டு வாசல்வரை போய், ஞாபகம் வந்து திரும்பி வந்தார். வீட்டில் அவருக்கு உட்காரத் தெரியவில்லை. வைஷாலி தன் பழைய போனைக் கொடுத்து, அதில் ஊர் கட்டுகிற கேம் ஒன்றைப் போட்டுத் தந்தாள். புல்தரையில் ரோடு போட்டு, கடை வைத்து, வீடு கட்டி, மில் கட்டி நடத்துகிற ஆட்டம். இந்த வயதில் இதெல்லாம் என்ன என்று மனிதர் முதலில் முறைத்தார். ஒரு மாதத்தில் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துத் துடைத்து விளையாட ஆரம்பித்தார்.

அவர் கட்டியது எந்த ஊரை என்று கொஞ்ச நாள் யாருக்கும் தெரியவில்லை. ஒருநாள் ஹரிபிரசாத் தோள்வழியாக எட்டிப் பார்த்தபோதுதான் புரிந்தது. கீழ் மூலையில் நீலக்கூரை வீடு, அது நிக்டி. அங்கிருந்து ரோடு. ரோட்டில் முதலில் டீக்கடை, பிறகு பஸ் ஸ்டாப். வளைந்து போய் கேன்டீன், அதற்கு எதிரில் இரும்பு மில். மனிதர் தன் போசரியைத் திரும்பக் கட்டி வைத்திருந்தார். கேன்டீன் வாசலில் நின்ற மரத்துக்குக்கூட ஒரு மரம் வைத்திருந்தார். அது வாதாமரம், கேமில் கிடைத்தது தென்னைதான், அதை மட்டும் பொறுத்துக்கொண்டார்.

அப்புறம்தான் பக்கவாதம் வந்தது. வலது கையும் காலும் விழுந்துவிட்டன, பேச்சு போய்விட்டது. "ஆங்" என்ற ஒரே சத்தத்தைக் கூட்டியும் குறைத்தும் பசி, தாகம், கோபம் எல்லாவற்றுக்கும் வைத்துக்கொண்டார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்து பல வாரம் சுவரையே பார்த்துக்கொண்டு கிடந்த மனிதர், ஒருநாள் இடது கையை நீட்டி மேஜை மேல் இருந்த போனைக் கேட்டார். ஹரிபிரசாத் கேமைத் திறந்து மடியில் வைத்தான். இடதுகை ஆள்காட்டி விரல் நேராகப் போய் டீக்கடையைத் தட்டியது. ணங் என்று சத்தம் வந்தது. பஸ் ஸ்டாப்பைத் தட்டினார், ஹாரன் அடித்தது. கேன்டீனைத் தட்டினார், தட்டுகள் மோதுகிற சத்தம். கடைசியில் மில். அது பழைய மில்களில் ஊதுவது போலவே நீளமாகச் சங்கு ஊதும். சமையலறையிலிருந்து ஓடி வந்த பவுன் கதவைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

அன்றிலிருந்து அதற்கு டூட்டி என்றே பெயர். குளிப்பாட்டி, சட்டை போட்டு, பையில் பேனா செருகினால்தான் போனைத் தொடுவார். டீக்கடை, பஸ், கேன்டீன், மில். திரும்பத் திரும்ப அதே சுற்று. பிற்பகலில் கடைசி முறை சங்கு ஊதியதும் போனை மடியில் கவிழ்த்துவிடுவார். அதுதான் அவர் சாப்பிடத் தயார் என்பதற்கு அடையாளம். பவுன் அடுப்பங்கரையில் இருந்தபடியே ஊர் முழுவதையும் காதால் பார்த்துக்கொண்டிருப்பாள். சங்கு கேட்டதும் தட்டில் சோற்றைப் போட்டுப் பிசைந்துகொண்டு வருவாள். அப்போது ஊட்டினால் மறுக்காமல் வாய் திறப்பார். வேறு எந்நேரம் ஊட்டினாலும் பாதி வெளியே வரும். வியாழக்கிழமை மட்டும் போனைத் தொட மாட்டார். போசரியில் வாராந்திர விடுமுறை வியாழன்தானே. பேச்சு போன மனிதருக்கு வியாழன் மட்டும் எப்படித் தெரிகிறது என்று வைஷாலி ஆச்சரியப்படுவாள்.

பிசியோதெரபிக்கு வரும் நஸ்ரின் இதையெல்லாம் பார்த்துவிட்டு ஹிந்தியில் ஒரு விஷயத்தைத் தெளிவாகச் சொன்னாள். இவருக்குப் புதிதாக எதையும் கற்றுக்கொடுப்பது நடக்காத காரியம். ஏற்கெனவே உடம்பில் ஊறியிருக்கிற பாதைகள்தான் மிச்சம். நடைப் பயிற்சிக்கு எழுப்பினாலும் ஒத்துழைக்கிறார், குளிக்க வருகிறார், சாப்பிடுகிறார் என்றால் அதெல்லாம் இந்த டூட்டிக்காகத்தான். எது நின்றாலும் இது நிற்காமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்றாள்.

இப்படியே இரண்டு வருஷம் ஓடியது. இந்த வருஷம் வெயில் காலத்தில் அந்தப் பழைய போன் உப்ப ஆரம்பித்தது. பேட்டரி பூரி மாதிரி வீங்கி, பின்மூடி ஒரு பக்கம் எழும்பி நின்றது. மாமனார் மடியில் ஒரு வெடிகுண்டை வைத்துவிட்டு நான் எப்படி ஆபீஸ் போவது என்று வைஷாலி பயந்தாள். அவள் பயத்தில் நியாயம் இருந்தது. மூடியைத் தொட்டால் சுட்டது.

புதுப் போன் வாங்குவது பெரிய விஷயமில்லை, ஊரை அதற்கு எப்படிக் குடிபெயர்ப்பது என்பதுதான் கேள்வி. அந்த கேமைச் செய்தவர்கள் எப்போதோ கடையைக் கட்டிக்கொண்டு போய்விட்டார்கள். தேடினால் இப்போது கிடைப்பதில்லை. இன்டர்நெட்டில் எங்கும் கணக்கு வைத்து விளையாடுகிற ஆட்டமும் இல்லை அது. அப்பா கட்டிய போசரி முழுக்க அந்த உப்பிய போனுக்குள் ஏதோ ஒரு ஃபைலில் இருந்தது, உலகத்தில் வேறெங்கும் இல்லை. அதைக் கண்டுபிடித்து எடுத்துப் புதுப் போனில் அதே இடத்தில் வைத்தால் ஊர் வரும். இல்லாவிட்டால் புல்தரைதான். வேறு எந்த வீட்டிலும் இதைக் கேட்டால் கையைப் பிசைவார்கள். இந்த வீட்டில் பேக்கப் எடுக்கிறவனே பிள்ளையாகப் பிறந்திருந்தான்.

"உங்கப்பா ஊரு அப்படியே வந்துருமா கண்ணு?" என்று பவுன் கேட்டாள்.

"டென்ஷன் எடுத்துக்காதம்மா. என் வேலையே அதானே."

பால்கி என்கிற பல்லக்கு ஊர்வலம் போய் ரோடுகள் மறுபடி திறந்திருந்த வாரம். சனிக்கிழமை டூட்டி முடிந்து அப்பா தூங்கும்போது ஹரிபிரசாத் போனை லேப்டாப்பில் மாட்டினான். உள்ளே தேடியதில் கேம் பெயரில் இரண்டு ஃபோல்டர்கள் கிடைத்தன. ஒன்று ரொம்பப் பெரிது, கேமும் அதன் படங்களும் பாட்டும் அடைந்த கிடங்கு. இன்னொன்று சின்னது. எது முக்கியம் என்று ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்துக்கொண்டிருக்க அவனுக்குப் பொறுமை இல்லை, தேவையும் தோன்றவில்லை. இரண்டையும் எடுத்துவிட்டால் போயிற்று. ஆபீசில் ஓடும் அதே புரோகிராமை, தான் எழுதியதுதானே என்று, இங்கேயும் ஓடவிட்டான். அது எல்லாவற்றையும் அள்ளி எடுத்தது, எடுத்ததை மூலத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தது, ஒரு எழுத்துக்கூட வித்தியாசமில்லை என்று பச்சை நிறத்தில் சொன்னது. அவன் திருப்தியாக டீ குடித்தான். அதோடு நிற்காமல், எடுத்ததற்கு இன்னொரு நகலும் எடுத்து பென் டிரைவில் போட்டு பீரோவில் வைத்தான்.

ஞாயிற்றுக்கிழமை காலை சொசைட்டி வாசலில் மின்கழிவு வண்டி வந்து நின்றது. பழைய பேட்டரி, உடைந்த மிக்சி, செத்த கம்ப்யூட்டர் எல்லாம் வாங்கிக்கொண்டு போகிற வண்டி. அதை விட்டால் மறுபடி எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. வாட்ச்மேன் இன்டர்காமில் கூப்பிட்டுவிட்டான், வண்டிக்காரன் கிளம்புகிறானாம். ஹரிபிரசாத் புதுப் போனில் எல்லாவற்றையும் ஏற்றி முடித்து கேமைத் திறந்தான். திறந்த உடனே பழகிய படம் வந்தது, பழகிய மெட்டு வந்தது. குளித்து, சட்டை போட்டு, பேனாவோடு உட்கார்ந்திருந்த நாச்சிமுத்து அந்த மெட்டைக் கேட்டுத் தலையைத் தூக்கி "ஆங்" என்றார். கேம் திறப்பதைக் காட்டும் கோடு பாதியில் ஊர்ந்துகொண்டிருந்தது. வந்துவிட்டது என்று ஹரிபிரசாத் முடிவு செய்தான்.

வீட்டை விட்டு வெளியே போகிற எந்தப் போனையும் துடைக்காமல் கொடுக்கக் கூடாது என்பது அவன் வேலையில் ஊறிய இன்னொரு பழக்கம். பழைய போனை முழுவதுமாக அழிக்கச் சொல்லி அழுத்தினான். உண்மையாகவே அழிக்கட்டுமா என்று அது கேட்டது. ஆமாம் என்றான். அழிந்ததை உறுதி செய்துகொண்டு, லிஃப்டுக்குக் காத்திராமல் படியில் இறங்கி ஓடி, கிளம்பிக்கொண்டிருந்த வண்டியில் கொண்டுபோய்ச் சேர்த்தான். வண்டிக்காரன் அதை மணல் போட்ட டிரம்மில் தூக்கிப் போட்டான். திரும்பி வரும்போது கீழே இருக்கிற கடையில் அம்மாவுக்குக் கொத்தமல்லி வேறு வாங்கி வந்தான்.

மேலே வந்தபோது அப்பாவின் மடியில் புதுப் போன் பளபளவென்று கிடந்தது. திரை முழுக்கப் பச்சைப் புல். ஒரு ரோடு இல்லை, ஒரு கூரை இல்லை. மஞ்சள் ஹெல்மெட் போட்ட பொம்மை ஒன்று ஓரத்தில் நின்று கையாட்டி, உங்கள் புதிய ஊருக்கு ஒரு பெயர் வையுங்கள் என்று ஆங்கிலத்தில் கேட்டுக்கொண்டிருந்தது.

ஹரிபிரசாத் கொத்தமல்லியைக் கையில் வைத்துக்கொண்டே லேப்டாப்பைத் திறந்தான். காரணம் தேட வேண்டியிருக்கவில்லை. சின்ன ஃபோல்டருக்குள் டெம்ப் என்று ஒரு குட்டி ஃபோல்டர் இருந்திருக்கிறது. அந்த கேமைச் செய்த எவனோ ஒரு புண்ணியவான், அப்புறம் நல்ல பெயர் வைத்துக்கொள்ளலாம் என்று அவசரத்துக்கு வைத்த பெயராக இருக்கும். வருஷக்கணக்காகக் கட்டிய ஊரை அவன் அதற்குள்தான் சேமித்திருக்கிறான். ஹரிபிரசாத்தின் புரோகிராம் கேடயம் வாங்கிய விதிப்படி அதை மட்டும் தொடாமல் தாண்டிப் போயிருந்தது. எடுத்ததைத்தான் அது ஒப்பிட்டுப் பார்க்கும். எடுக்காததைப் பற்றி அது எப்படிச் சொல்லும்? பீரோவில் இருந்த இரண்டாவது நகலும் முதல் நகலைப் போலவே அப்பழுக்கில்லாமல் இருந்தது.

மின்கழிவு வண்டியின் நம்பருக்குப் போன் செய்தான். டிரம் போய்ச் சேர்ந்ததும் நொறுக்கிவிடுவோம் சாஹேப் என்று வண்டிக்காரன் மராத்தியில் மரியாதையாகச் சொன்னான். தானே முழுசாக அழித்துக் கொடுத்தது, நொறுக்காவிட்டாலும் பயனில்லை என்று ஹரிபிரசாத்துக்குத் தெரியும். புத்வார் பேட் போன் கடைகளில் யாராவது மீட்டுத் தருவார்கள், போய்க் கேளுங்கள் என்று வைஷாலி கெஞ்சினாள். விவரம் தெரியாதவளுக்கு நம்பிக்கொள்ள ஓர் இடம் இருந்தது. இவனுக்கு அதுவும் இல்லை. ஃபைலைத் தொலைத்துவிட்டு அழுகிறவர்களிடம், இனி வராது என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிட வேண்டும், அதுதான் மரியாதை என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பவன் அவன். அந்த வாக்கியத்தை அம்மாவிடம் போய்ச் சொல்ல அவனுக்குக் கால் வரவில்லை. பவுனே வந்தாள். சத்தம் ஒன்றும் கேட்கவில்லையே என்றுதான் வந்தாள்.

"காப்பி எடுத்துட்டேன்னு சொன்னயே கண்ணு."

"எடுத்தேம்மா," என்றான். "ஊரை மட்டும் விட்டுட்டு மத்ததெல்லாம் எடுத்தேன்."

பவுன் கொத்தமல்லியை அவன் கையிலிருந்து வாங்கிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

நாச்சிமுத்து மட்டும் டூட்டி பார்த்தார். அதைத்தான் ஹரிபிரசாத்தால் தாங்க முடியவில்லை. அப்பாவின் விரல் புல்தரையில் ஓரிடத்தைத் தட்டியது. டீக்கடை அங்கேதான் இருந்தது. ணங் என்ற சத்தம் வரவில்லை. திரும்பத் தட்டினார். கொஞ்சம் காத்திருந்துவிட்டு பஸ் ஸ்டாப் இருந்த இடத்தைத் தட்டினார். கேன்டீன் இருந்த இடம். மில் இருந்த இடம். புதுப் போன் பெரிது என்று ஆசையாக வாங்கியிருந்தான் ஹரிபிரசாத். விரலோ பழைய சின்னத் திரையின் அளவிலேயே தேடிக்கொண்டிருந்தது. ஒவ்வொரு தட்டலுக்கும் மனிதர் மகனை நிமிர்ந்து பார்த்தார். பவர் கட்டா என்று கேட்கிற பார்வை. பிற்பகல்வரை வெறும் புல்லைத் தட்டிவிட்டு, சங்கு ஊதாததால் போனைக் கவிழ்க்காமலே உட்கார்ந்திருந்தார். அன்று அவர் சாப்பிடவில்லை.

அந்த விரலைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் ஹரிபிரசாத்துக்கு ஒன்று உறைத்தது. ஊருக்கு இன்னும் ஒரு நகல் மிச்சம் இருக்கிறது. அது இந்த விரலில் இருக்கிறது. மறுநாள் வைஷாலியின் ஸ்டிக்கர் பொட்டு அட்டையை எடுத்து வந்தான். அப்பா எங்கெங்கே தட்டுகிறாரோ, அங்கெல்லாம் திரைமேல் பொட்டு ஒட்டினான். டீக்கடைக்குச் சிவப்பு, பஸ்ஸுக்குக் கறுப்பு, கேன்டீனுக்கு மெரூன், மில்லுக்குப் பச்சை. கேம் எப்போது திறந்தாலும் அதே மூலையிலிருந்துதான் திறக்கும், அது ஒரு வசதி. இனி அவன் விளையாட வேண்டியதுதான் பாக்கி. டீக்கடை சீக்கிரமே கிடைத்துவிடும். மில் அப்படியில்லை. ஊர் வளர்ந்து, ஜனம் பெருகி, மாதக்கணக்கில் விளையாடிய பிறகுதான் மில் கட்ட விடுவார்கள்.

அதற்குப் பிறகு அவனை ஹிஞ்சேவாடி போகும் ஆபீஸ் கேபில் பார்த்தவர்களுக்கு, மனிதனுக்குப் புத்தி பேதலித்துவிட்டதோ என்றுதான் தோன்றியிருக்கும். டிராஃபிக்கில் கேப் நிற்கிற நேரமெல்லாம் குனிந்து, பொட்டு ஒட்டிய போனில் ரோடு போட்டுக்கொண்டிருந்தான். நாற்பத்தைந்து வயதுக்காரன், தலையில் வழுக்கை, விளையாட்டைப் பார்த்தால் பள்ளிக்கூடப் பையன். பக்கத்து சீட்டுக்காரர்கள் சிரித்தார்கள். கம்பெனியில் அந்தக் குப்பை விதியை எடுத்துவிடலாம் என்று சொன்னான். ஏன் என்று கேட்டார்களே தவிர அவர்கள் எடுக்கவில்லை. அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான்.

காலையில் போனை அப்பாவிடம் கொடுத்துவிட்டு, ஆபீஸ் கிளம்பும்போது வாங்கிக்கொள்வான். முதல் வாரத்திலேயே சிவப்புப் பொட்டின் கீழ் டீக்கடை வந்தது. பொட்டை உரித்துவிட்டு அப்பா முன்னால் நீட்டினான். விரல் தட்டியது, ணங் என்றது. மனிதர் முகம் தெளிந்தது. அடுத்து பஸ் ஸ்டாப்பைத் தட்டினார், அங்கே இன்னும் புல்தான். முகம் விழுந்துவிட்டது. பஸ் ஸ்டாப் வந்து சேர்ந்தபோது மழை பலத்துவிட்டது. அதற்குள் அவர் குளிக்க எழுந்திருப்பது நின்றிருந்தது. சட்டை போட்டால் போடுகிறவர் கையைத் தள்ளிவிட்டார். வியாழக்கிழமை எது என்று தெரியாதவராகிவிட்டார், எல்லா நாளும் ஒரே மாதிரி கிடந்தார். நஸ்ரின் வந்து தோளைப் பிடித்து எழுப்பிப் பார்த்துவிட்டு, பவுனிடம் ஒன்றும் சொல்லாமல் ஹரிபிரசாத்தை வாசலுக்குக் கூப்பிட்டுப் பேசினாள். நேரமாகிக்கொண்டே போகிறது என்பதுதான் அவள் சொன்னதன் சாரம்.

கணபதி கரைத்த வாரம் கேன்டீன் வந்தது. அவன் தென்னை மரம்கூட மறக்காமல் வைத்தான். ஆனால் விரல் இப்போது டீக்கடையைத் தட்டிவிட்டு அங்கேயே நின்றுவிட்டது. அடுத்த இடம் எது என்று யோசிப்பதுபோல் கொஞ்ச நேரம் காற்றில் நிற்கும். பிறகு மடியில் விழுந்துவிடும். புல்லைத் தட்டித் தட்டிப் பதில் வராமல், அந்த விரலுக்குத் தெரிந்திருந்ததும் கொஞ்சம் கொஞ்சமாக அழிந்துகொண்டிருந்தது. தான் ஒரு பக்கம் கட்டக் கட்ட, அப்பா இன்னொரு பக்கம் மறந்துகொண்டே போகிறார் என்பதை ஹரிபிரசாத் பார்த்தான். பார்த்தும் நிறுத்தவில்லை. நிறுத்தினால் வேறு என்ன செய்வது என்று அவனுக்குத் தெரியவில்லை. வாழ்க்கையில் முதல்முறையாக அவனிடம் ஸ்பேர் இல்லாத ஒரு பொருள் இருந்தது.

சாப்பாடுதான் பெரும்பாடாயிற்று. எந்நேரம் ஊட்டுவது என்று பவுனுக்குத் தெரியவில்லை. பத்து மணிக்கு முயற்சி செய்வாள், பன்னிரண்டுக்கு முயற்சி செய்வாள், ஆறிய சோற்றைத் திரும்பச் சூடாக்கிக்கொண்டு வருவாள். அவர் பல்லைக் கடித்துக்கொள்வார். சட்டைக் காலர் கழுத்தைச் சுற்றித் தொளதொளவென்று நின்றது. அவள் சமையலறையில் குக்கர் விசிலைக்கூடக் குறைத்து வைத்துக்கொண்டு, ஹாலில் ஏதாவது சத்தம் வருகிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டே வேலை பார்ப்பாள். மகன் காலையில் கிளம்பும்போது, "இன்னும் எத்தன நாளாகும் சாமி?" என்று மட்டும் கேட்பாள். அந்தக் கேள்வியில் குற்றம்சாட்டுகிற தொனி துளிகூட இருக்காது.

தீபாவளி முடிந்த வாரம், வாகட் பாலத்தில் கேப் நகராமல் நின்றபோது மில் திறந்தது. பட்டாசு வெடிக்கிற மாதிரி திரையில் கலர் தெறித்தது. பச்சைப் பொட்டை நகத்தால் உரித்துவிட்டு அந்த இடத்தில் மில்லை வைத்தான். கேபில் இருக்கிறவர்களுக்குக் கேட்கக் கூடாது என்று சத்தத்தை அடைத்து வைத்திருந்தான். முதல் சங்கு வீட்டில்தான் ஊத வேண்டும் என்று அவனுக்கு ஆசை.

மறுநாள் லீவு போட்டான். அம்மாவிடம் சொல்லவில்லை, தானாகக் கேட்கட்டும் என்று விட்டுவிட்டான். அப்பாவைக் கட்டாயப்படுத்திக் குளிப்பாட்டி, சட்டை போட்டு, பையில் பேனாவைச் செருகி, ஜன்னலோர நாற்காலியில் உட்கார வைத்தான். மடியில் போனை வைத்தான். டீக்கடை, பஸ் ஸ்டாப், கேன்டீன், தென்னை மரம், மில் எல்லாம் அதனதன் இடத்தில் இருந்தன. பொட்டு எதுவும் மிச்சமில்லை. முழு போசரி.

நாச்சிமுத்து அதைப் பார்த்தார். வெறுப்பில்லை, ஆசையுமில்லை, பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறவன் போனைப் பார்க்கிற மாதிரி பார்த்தார். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். ஹரிபிரசாத் அவர் இடது கையை எடுத்து, ஆள்காட்டி விரலை நீட்டி, டீக்கடையின் மேல் கொண்டுபோய் வைத்தான். விரல் மடங்கிக்கொண்டது. மறுபடி நீட்டினான். மறுபடி மடங்கியது. "அப்பா, டூட்டி," என்றான். "டூட்டிப்பா." அவர் "ஆங்" என்றுகூடச் சொல்லவில்லை.

அவன் அப்பாவின் காலடியில் தரையில் உட்கார்ந்தான். என்ன நினைத்தானோ, அவர் மடியில் கிடந்த போனைத் தானே தட்டினான். டீக்கடை ணங் என்றது. பஸ் ஹாரன் அடித்தது. சமையலறையில் பாத்திரம் தேய்க்கிற சத்தம் சட்டென்று நின்றது. ஹரிபிரசாத் அதைக் கவனிக்கவில்லை. கேன்டீனில் தட்டுகள் மோதின. கடைசியாக மில்லைத் தட்டினான். அதே சங்கு, அதே நீளம், வீடு முழுக்க ஊதி அடங்கியது.

உள்ளே தட்டில் கரண்டி படுகிற சத்தம் கேட்டது. முட்டி வலியோடு சுவரைப் பிடித்துப் பிடித்து நடக்கிற பவுன், ஒரு கையில் சோற்றுத் தட்டோடும் இன்னொரு கையில் தண்ணீர்ச் சொம்போடும் எதையும் பிடிக்காமல் விரைந்து வந்தாள். ரசம் தட்டின் விளிம்பில் வழிந்துகொண்டிருந்தது. அந்த முகத்தை ஹரிபிரசாத் பல மாதமாகப் பார்த்திருக்கவில்லை. வந்தவள் கணவரின் முகத்தைப் பார்த்தாள். ஜன்னல் பக்கம் திரும்பியிருந்தது. மடியைப் பார்த்தாள். போன் மேல் மகனின் விரல் இருந்தது.

"நீயா கண்ணு," என்றாள்.

"நாந்தாம்மா."

பவுன் சொம்பைக் கீழே வைத்துவிட்டு, ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து, ஒரு கவளம் உருட்டி அவர் உதட்டருகே கொண்டுபோனாள். அவர் வாய் திறக்கவில்லை. ரசம் மோவாயில் வழிந்தது. முந்தானையால் துடைத்துவிட்டாள்.

"அந்தச் சத்தம் இனி வேண்டாஞ் சாமி," என்றாள் மகனைப் பார்க்காமல். "மனசு ஏமாந்து ஓடியாந்துருது."

ஹரிபிரசாத் அப்பாவின் மடியிலிருந்து போனை எடுத்து, சத்தத்தை முழுவதும் குறைத்தான்.